ரேஷம் ஜானின் இரு நாவுகள்

சக்சுவாரி,
மீர்ப்பூர் மாவட்டம்,
12 பிப்ரவரி 1974

மேன்மைமிகு வாஜிதின் தந்தையார் அவர்களுக்கு, தங்கள் மனைவி ரேஷம் ஜான் பணிவுடன் வரையும் மடல்.

சலாம். இறையருளால் இங்கு நானும் மகள் ஷமீமும் மகன் வாஜிதும் நலமே. கடல் கடந்த அக்குளிர் நகரில் தாங்களும் அவ்வண்ணமே நலமுற்றிருக்க வேண்டுகிறோம். தங்கள் இருமல் தணிந்ததா என்பதை அறிய விழைகிறேன்.

நாம் எதிர்நோக்கியிருந்த அழைப்பு வந்துவிட்டது. அடுத்த திங்கள் இறுதியில் தலைநகரின் விசா அலுவலகத்தில் நானும் குழந்தைகளும் நேரில் தோன்ற வேண்டும். எங்களைத் தனித்தனியே வினவுவார்களாம். அங்கே தாங்கள் கூறும் விடைகளோடு எங்கள் விடைகள் ஒத்திருந்தால் மட்டுமே சீமைக்கு வர இசைவு கிடைக்கும். நம் நிலம் அணைநீரின் அடியில் கிடக்க, தாங்கள் ஆலையில் உழைத்து எங்களைக் காக்கும் இவ்வாழ்வுக்கு முடிவு ஒன்று உண்டெனில் அது இவ்வொரு நாளில்தான் இருக்கிறது.

வாஜித் தங்களைப் புகைப்படத்தில் மட்டுமே அறிவான். தாங்கள் கடைசியாக வந்தபோது அவன் தவழ்ந்த பருவம். படம் இடுப்பளவே உள்ளமையால் நேற்று என்னிடம், "அம்மா, அப்பாவுக்குக் கால் இருக்கா?" என்று வினவினான். சிரிப்பதா அழுவதா என்று அறியேன்.

இம்மடல் என் கைப்பட எழுதியது. ஷமீமின் பாடநூல்களைக் கொண்டு, எவர் துணையுமின்றி உருது கற்றேன் என்பதை முன்னரே தெரிவித்துள்ளேன். வீட்டில் நாம் பேசும் பஹாடிப் பேச்சுக்கு எழுத்து இல்லை. அதனைத் தாளில் ஏற்றுவது தகவுமன்று. கணவருக்கு வரையும் மடலில் நூல்மொழியே பொருந்தும் என்பது என் துணிபு.

தங்கள் நலம் நாடும்,
ரேஷம் ஜான்


பிராட்போர்ட்,
5 மார்ச் 1974

இல்லத்தின் ஒளியாகிய ரேஷம் ஜானுக்கு, கரம் தாத் சொல்ல, உடனுறையும் லாகூர் மிர்சா எழுதுவது.

சலாம். எல்லாம் வல்லவன் கருணையால் இங்கு யாவரும் சுகம். அங்கும் சுகமென நம்புகிறேன்.

மடல் கிடைத்தது. விடுதியில் அதனை மிர்சா சாகிப் இருமுறை உரக்க வாசித்தார். இத்தகைய உரைநடையை லாகூரின் கல்விச்சாலைகளிலும் காண்பது அரிது என்று வியந்தார். எழுதித் தந்த பள்ளி ஆசிரியருக்கு என் சலாமைத் தெரிவிக்கவும்.

இங்கும் என்னை அழைத்து வினவினார்கள். வீட்டுக்கு எத்தனை அறை, கிணறு எத்திசை, மனைவிக்கு எழுதப் படிக்கத் தெரியுமா என்றெல்லாம் கேட்டார்கள். உள்ளதை உள்ளவாறு சொன்னேன். அங்கும் சுருக்கமாகப் பேசுக. அச்சம் வேண்டாம்.

குழந்தைகளுக்கு என் முத்தங்கள்.

கரம் தாத்


சக்சுவாரி,
2 ஏப்ரல் 1974

மேன்மைமிகு வாஜிதின் தந்தையார் அவர்களுக்கு,

சலாம். நாங்கள் நலம். தங்கள் இருமலைப் பற்றிய என் வினாவுக்கு விடை காணவில்லை.

தங்கள் மடலின் ஒரு வரி என்னை வருத்தியது. எனக்கு எழுதித் தரும் ஆசிரியர் எவருமிலர். இதனை மூன்றாம் முறையாகத் தெரிவிக்கிறேன். இனி ஒருமுறை கூறுவது என் தகுதிக்கு இழுக்கு.

நேர்காணல் நிறைவுற்றது. விடியலில் பேருந்தேறி உச்சிவேளையில் அவ்வலுவலகத்தை அடைந்தோம். எனக்கு முன் தத்யாலைச் சேர்ந்த பெண்ணொருத்தி நின்றாள். அவள் நம் பேச்சில் விடை கூற, மொழிபெயர்க்கும் எழுத்தர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "ஏம்மா, இது பஞ்சாபியா, இல்ல ஆட்டை ஓட்டுற பேச்சா?" என்றார். அவள் சற்றும் நாணவில்லை. "ஆட்டுக்குப் புரியுது தம்பி. உனக்குத்தான் புரியல," என்றாள். கூடத்திலிருந்த நம் பெண்கள் முக்காட்டுக்குள் சிரித்தனர். எனக்கோ முகம் எரிந்தது. நம்மை இவர்கள் இவ்வாறு எண்ணலாகாது என்று அக்கணமே உறுதி பூண்டேன்.

என் முறை வந்தது. வீடு, கிணறு, மணநாள் யாவற்றுக்கும் பிழையற்ற உருதுவில் விடையளித்தேன். எழுத்தர் நிமிர்ந்து அமர்ந்தார். கணவர் பெயரைக் கேட்டனர். கணவர் பெயரை நாவால் உரைத்தல் நம் பெண்களுக்கு மரபன்று என்பதைத் தாங்கள் அறிவீர்கள். பிறர் பிள்ளையை விட்டுச் சொல்லச் செய்வர். நான் பேனாவைக் கேட்டு வாங்கி, தங்கள் பெயரை அழகுற எழுதிக் காட்டினேன். வெள்ளைக்கார அதிகாரி அத்தாளை நெடுநேரம் நோக்கினார். அவர் மெச்சினார் என்றே கருதுகிறேன்.

குழந்தைகள் தத்தமக்குத் தெரிந்தவாறு விடை கூறினர். அதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

இலையுதிர் காலத்திற்குள் தங்கள் இல்லத்தில் அடுப்பேற்றுவேன்.

ரேஷம் ஜான்


சக்சுவாரி,
10 ஜூன் 1974

வாஜிதின் தந்தையார் அவர்களுக்கு,

சலாம். உடல்நலம் குறித்து எழுதவேண்டிய மரபின்படி, நலம் என்று எழுதுகிறேன்.

ஆங்கிலத்தில் ஒரு தாள் வந்தது. ஓய்வுபெற்ற சுபேதார் லால் கான் வாசித்துப் பொருளுரைத்தார். "கூறப்படும் உறவு மெய்ப்பிக்கப்படவில்லை" என்பதே அதன் சாரம். நான் தங்கள் மனைவியென்றோ, இவர்கள் நம் பிள்ளைகள் என்றோ அவர்கள் நம்பவில்லை. காரணங்கள் அடங்கிய தாள் தங்கள் முகவரிக்கு அனுப்பப்பட்டுள்ளதாம். மூன்று திங்களுக்குள் தாங்கள் அங்கே மேல்முறையீடு செய்யாவிடில் கதவு அடைபட்டுவிடும்.

தத்யால் பெண்ணுக்கு இசைவு கிடைத்துவிட்டதாகக் கேள்வி. ஆடு ஓட்டும் பேச்சில் விடை கூறியவளுக்குக் கிடைத்தது, எனக்கு ஏன் மறுக்கப்பட்டது? அக்காரணத் தாளில் என்ன இருக்கிறது? விரைந்து எழுதுக.

ரேஷம் ஜான்


சக்சுவாரி,
20 ஜூலை 1974

வாஜிதின் தந்தையார் அவர்களுக்கு,

சலாம். மார்ச் மடலுக்குப் பின் தங்களிடமிருந்து ஒரு சொல்லும் வரவில்லை. தாங்கள் நோயுற்றிருந்தால் அதனை எழுதுக. சினமுற்றிருந்தால் அதனையும் எழுதுக.

தங்கள் அண்ணன் மனைவி சர்வர் ஜான் நேற்று நீர்த்துறையில் எல்லோர் செவியிலும் விழுமாறு சொன்னாள்: "நாங்கள்லாம் கைநாட்டு. எங்களுக்கு மாசம் தவறாம கடுதாசி வருது. படிச்ச மகாராணிக்குத்தான் பதில் வரல. சீமையில வேற ஒருத்தி படிச்சுக் காட்டுறாளோ என்னவோ." நான் குடத்தை நிரப்பாமலே திரும்பினேன்.

மேல்முறையீடு செய்தீர்களா? ஆம் அல்லது இல்லை. இவ்வொரு சொல்லுக்கு மிர்சா சாகிபின் நடை தேவையில்லை.

ரேஷம்


பிராட்போர்ட்,
18 ஆகஸ்ட் 1974

ரேஷம்,

இத எழுதுறது மிர்சா இல்ல. விடுதியில கூட இருக்குற தத்யால் பசல். நான் வாயால சொல்றத அப்படியே எழுதணும்னு சொல்லியிருக்கேன். இப்படியெல்லாம் கடுதாசி எழுதினா யாராவது சிரிப்பாங்கங்கிறான். சிரிக்கட்டும், எழுதுடான்னேன். அதையும் எழுதிட்டான் பாரு, மடையன்.

முறையீடு குடுத்தாச்சு. கடைசி வாரத்துல குடுத்தேன். ஏன் லேட்டுன்னு சொல்றேன்.

அந்தக் காரணத் தாளை மிர்சாதான் வாசிச்சான். புருசன் இங்க தன் பொண்டாட்டிக்கு எழுத்து வாசனை கிடையாதுன்னு சொல்லியிருக்கான், அங்க ஆபீசுக்கு வந்தவ பேனா கேட்டு வாங்கி எழுதுறா, அதனால இவ அவ இல்லன்னு போட்டிருக்கு. நாந்தான் சொன்னேன் ரேஷம். உனக்குத் தெரியும்னு நீ எழுதியிருந்தே. நான் நம்பல. ஒவ்வொரு கடுதாசியையும் வாசிச்சிட்டு மிர்சா சொல்லுவான், "கரம் தாத், இது பொம்பள எழுத்து இல்லய்யா. இத எழுதுறவன் பெரிய படிப்பாளி." யாரு அந்தப் படிப்பாளின்னு நான் தறி முன்னால நின்னு நின்னு யோசிச்சேன். இதுக்கு மேல சொல்லமாட்டேன். ரெண்டு மாசம் அதுலதான் போச்சு.

அந்தத் தாள்ல இன்னொண்ணும் இருக்கு. நீ எனக்கு எழுதாதது. பயலை வெளிய உக்கார வச்சு, உள்ள யாரு பேசுறான்னு கேட்டிருக்காங்க. தெரியலன்னிருக்கான். உங்கம்மாதானேடான்னதுக்கு, "எங்கம்மா இப்படிப் பேசாது"ன்னிருக்கான்.

அதக் கேட்டதும்தான் எனக்குப் புத்தி வந்துச்சு. எனக்கும் அதேதானே. நாலு வருசமா உன் கடுதாசி வருது, நீ வரல. 'மேன்மைமிகு'ங்கிறே. வீட்ல நீ என்னை எப்படிக் கூப்பிடுவே? "ஏ மனுசா"ம்பே. மூணு வயல் தாண்டிக் கேக்கும்.

பசல்கிட்ட டேப் ரிக்கார்டர் இருக்கு. உங்க பக்கத்துல சுபேதார் வீட்லயும் இருக்காம். ஒரு கேசட்ல பேசி அனுப்பு. புள்ளைங்களோட நீ எப்பவும் பேசுற மாதிரி. அத முறையீட்டுல வைக்கலாம்.

எனக்குக் கால் ரெண்டும் இருக்குன்னு பயகிட்ட சொல்லு.

கரம் தாத்


சக்சுவாரி,
10 செப்டம்பர் 1974

வாஜிதின் தந்தையார் அவர்களுக்கு,

சலாம். நலம். இருமல் பற்றி இம்முறையும் எழுதவில்லை.

இம்மடல் ஆடவர் எவரும் எழுதியதன்று. அடுப்புக்கரியால் தரையில் எழுதி, சாணத்தால் மெழுகி அழித்து, மீண்டும் எழுதிப் பழகிய கை இது. தங்கள் பெயரைத்தான் முதலில் எழுதினேன். வாயால் சொல்லத் தகாததைக் கையாலேனும் சொல்லலாமே என்பதற்காகவே கற்றேன். அதனைத் தாங்கள் வேறொருவன் கையென்று எண்ணினீர்கள். இதற்கு மேல் நானும் சொல்லமாட்டேன்.

மகன் உரைத்தது மெய். நான் எழுதாமல் விட்டதும் மெய். திரும்பும் பேருந்தில் அவன் என் மடியில் படுத்துக்கொண்டு, "அம்மா, அங்க நீ ஏன் வேற ஆளு மாதிரி பேசுன?" என்றான். நான் உறங்குவதுபோல் கண்களை மூடிக்கொண்டேன்.

கேசட் அனுப்பியுள்ளேன். சுபேதார் வீட்டுக் கூடத்தில் அப்பெட்டியின் முன் அமர்ந்ததும் என் நா தானாகவே நூல்மொழிக்குச் சென்றுவிட்டது. "மேன்மைமிகு" என்று தொடங்கினேன். ஷமீம் அழித்தாள். மீண்டும் தொடங்கினேன். மீண்டும் அழித்தாள். "அம்மா, வீட்ல பேசுற மாதிரிப் பேசும்மா," என்று கெஞ்சினாள். வீட்டில் எவ்வாறு பேசுவேன் என்பது எனக்கு நினைவில் வரவில்லை. இதனைத் தங்களால் நம்ப இயலுமா? என் சொந்த நாவை நான் தேடிக்கொண்டிருந்தேன்.

அவ்வேளையில் வாஜித் சுபேதாரின் மனைவி வைத்த மோர்க்குவளையைத் தட்டிப் பாய்மீது கவிழ்த்துவிட்டான். அதன்பின் நிகழ்ந்தவை யாவும் கேசட்டில் உள்ளன. பெட்டி ஓடுவதை நான் அறியேன். அழித்துவிடுமாறு மன்றாடினேன். ஷமீம் மறுத்து, தானே கட்டி அஞ்சலில் சேர்த்துவிட்டாள். தாங்கள் கேட்பதற்கு அது தகுதியானதன்று.

ரேஷம் ஜான்


பிராட்போர்ட்,
15 நவம்பர் 1974

ரேஷம்,

கேசட் வந்துச்சு. விடுதியில இருக்கிற பதினொரு பேரும் சுத்தி உக்காந்துட்டாங்க. எல்லாம் நம்ம பக்கத்து ஆளுங்க, மிர்சாவத் தவிர. "அடேய் கழுதைக்குப் பொறந்தவனே, உங்கப்பன மாதிரியே உனக்கும் கை எங்க போகுதுன்னு தெரியாதா, அவரு அங்க சீமையில கம்பளிக்கு நடுவுல உக்காந்திருக்காரு, நான் இங்க உன் பின்னாடி பாய் துவைக்கணுமா"ன்னு நீ ஆரம்பிச்சே பாரு, எல்லாரும் பெட்டிகிட்ட நெருங்கி வந்துட்டாங்க. பசல் முதல்ல சிரிச்சான். அப்புறம் எந்திரிச்சு வெளிய போயிட்டான். அவன் பொண்டாட்டிய அவன் பாத்து ஆறு வருசம். மிர்சா மட்டும், "என்ன சொல்றாங்க, என்ன சொல்றாங்க"ன்னு கேட்டுக்கிட்டே இருந்தான். யாரும் சொல்லல.

நான் நாலு தடவை கேட்டேன். நீதான்.

விசாரணை முடிஞ்சுது. கேசட்டப் போட்டாங்க. நீதிபதி கேட்டாரு, "இந்தக் குரல் உங்க மனைவியுடையதுன்னு எப்படிச் சொல்றீங்க?" நான் சொன்னேன், "ஐயா, என்னைத் திட்டுறாளே." எல்லாரும் சிரிச்சாங்க. அவரும் சிரிச்சாரு. சிரிச்சிட்டு, குரலை வச்சுத் தீர்ப்பு சொல்ல முடியாது, மறுபடி ஒரு நேர்காணல் வைக்கலாம்னு எழுதிட்டாரு. உன் பழைய கடுதாசி எல்லாத்தையும் வக்கீல் சாட்சியா சேர்த்திருக்காரு. கல்யாணம் நிசம்னு காட்டணுமில்ல. எல்லாம் அங்க உள்ள ஆபீசுக்குப் போகும்.

இதுதான் கடைசி வாய்ப்பு. இதுக்கு மேல முறையீடு கிடையாது.

இந்தத் தடவை நீ நீயாவே பேசு. கடுதாசியும் இனிமே நம்ம பேச்சுலயே எழுது. அந்த மேன்மைமிகுவ நான் எங்க வச்சுக்கிறது?

லீவு போட்டு வந்து கூடவே நிக்கலாம்னுதான் கேட்டுப் பாத்தேன். போனா வேலை போச்சுன்னுட்டாங்க. வேலை இல்லாம வந்தா எந்த வயல்ல உழுறது? அங்க மீன்தான் மேயுது. இருமலைப் பத்திக் கேக்காத.

கரம் தாத்


சக்சுவாரி,
6 ஜனவரி 1975

வாஜிதின் தந்தையார் அவர்களுக்கு,

சலாம். நாங்கள் நலம். கேட்க வேண்டாமெனத் தாங்கள் விதித்ததைக் கேட்கவில்லை.

இத்திங்கள் முப்பதாம் நாள் நேர்காணல். அணைநீர் வற்றியிருக்கிறது. பழைய ஊரின் கல்லறைகள் வெளிப்பட்டுள்ளன. வழக்கம்போல் எல்லோரும் சேற்றில் இறங்கி, தத்தம் இறந்தோருக்காக இறைஞ்சி வந்தோம். அங்கே ஓர் உறுதி எடுத்தேன். அவ்வலுவலகத்தில் எனக்குரியதல்லாத ஒரு சொல்லையும் உரையேன். எழுத்தர் என்ன சொல்லி நகைத்தாலும் சரியே. வாஜிதுக்கு எதனையும் சொல்லிக் கொடுக்கவில்லை. கேட்டதற்கு உள்ளதைச் சொல் என்று மட்டும் கூறியுள்ளேன்.

நம் பேச்சில் எழுதுமாறு பணித்தீர்கள். மூன்று தாள்களைக் கிழித்தேன். நம் ஒலிகளுக்கு உருதுவின் எழுத்துகள் போதவில்லை. எழுதினால் கல்லாதவள் கிறுக்கியதுபோல் தோன்றுகிறது. நான் எத்தனை பாடுபட்டு அத்தோற்றத்தைக் களைந்தேன். சற்றே பொறுங்கள். முயல்கிறேன்.

ரேஷம்


சக்சுவாரி,
4 பிப்ரவரி 1975

ஏ மனுசா,

ரெண்டாவது தடவையும் இல்லன்னு அங்கயே சொல்லிட்டாங்க.

எழுத்து கோணல்மாணலா இருக்கும். பசல் வாய்விட்டு வாசிச்சா உனக்குப் புரியும். நானும் வாய்விட்டுச் சொல்லிச் சொல்லித்தான் எழுதுறேன்.

அதே எழுத்தர்தான். அதே வெள்ளைக்காரர். தினம் நூறு பேரைப் பாக்குறவங்களுக்கு முக்காட்டு மூஞ்சி ஞாபகமா இருக்கும்? கேட்டதுக்கெல்லாம் நம்ம பேச்சுலயே சொன்னேன். உன் பேரக் கேட்டாங்க. வாஜிதக் காமிச்சேன், அவன் சொன்னான். எல்லாரும் செய்யற மாதிரியே செஞ்சேன். எழுத்தரு சிரிச்சாரு. நான் அசையல.

அப்புறம் பயகிட்டக் கேட்டாங்க, "இது யாருப்பா?"

"எங்கம்மா."

"போன தடவ எங்கம்மா இல்லன்னியே?"

என் புள்ள யோசிச்சான். உள்ளதச் சொல்லுன்னு நாந்தானே சொல்லியிருந்தேன். "போன தடவ வேற ஆளு," அப்படின்னான்.

வெள்ளைக்காரர் எழுதிக்கிட்டே இருந்தாரு. போன தடவை ஒருத்தி வந்தா, இந்தத் தடவை இன்னொருத்தி வந்திருக்கான்னு எழுதியிருக்காரு. எழுத்தரு அத வாசிச்சுச் சொன்னாரு. நான் கத்துனேன். ரெண்டும் நாந்தான், ரெண்டும் நாந்தான்னு கத்துனேன். ஷமீம் என் வாயைப் பொத்துனா.

அப்ப எழுத்தரு என் கடுதாசிக் கட்டை எடுத்து மேசையில போட்டாரு. "இத எழுதுனது யாரு?"

"நாந்தான்."

"இந்தப் பேச்சுப் பேசுற நீயா? சரி, இந்தா பேனா. உன் புருசனுக்கு என்ன சொல்லணுமோ இங்கயே எழுது, பாப்போம்."

நான் அந்தப் பழைய மாதிரி எழுதியிருக்கலாம் மனுசா. கையில தயாரா இருந்துச்சு. மேன்மைமிகுன்னு ஆரம்பிச்சிருந்தா முத்து முத்தா விழுந்திருக்கும். ஆனா உனக்கு எழுதுன்னாரே. நீ கேட்டது நம்ம பேச்சு. நான் சேத்துல நின்னு உறுதி எடுத்ததும் அதுக்குத்தான். வாஜித் பக்கத்துல நின்னு என் கையையே பாத்துக்கிட்டிருந்தான். மறுபடி வேற ஆளா ஆயிருவேனோன்னு பாக்குற மாதிரி.

நம்ம பேச்சுலயே எழுதுனேன்.

எழுத்தரு வாங்கி வாசிச்சுப் பாத்தாரு. திக்குனாரு. திருப்பிப் பாத்தாரு. "இது உருதும் இல்ல, பஞ்சாபியும் இல்ல. எழுதத் தெரியாதவ கிறுக்குனது"ன்னு வெள்ளைக்காரர்கிட்டச் சொல்லிட்டாரு. அந்தத் தாளையும் கட்டோட சேத்துக் கட்டி வச்சுட்டாங்க. அந்தக் கடுதாசியெல்லாம் நான் எழுதலைங்கிறதுக்கு அதுதான் இப்ப சாட்சி.

திரும்பி வர்ற பஸ்சுல நான் தூங்குற மாதிரி நடிக்கல. புள்ளைங்க பாக்கவே அழுதேன். "அம்மா, நான் தப்பாச் சொல்லிட்டேனா?"ன்னான் வாஜித். இல்லடான்னேன். அவன் சொன்னதுல ஒரு சொல்லு பொய் கிடையாது. நான் சொன்னதுலயும் கிடையாது.

வேலை போனாப் போகட்டும். வயல் இல்லன்னா கூலிக்குக் கல்லு சுமப்போம், நானும் சுமக்குறேன். இருமலோடயாவது வா. என்ன இருமல்னு நீ சொல்லவே வேணாம், இங்க வந்து இருமு, எனக்கே தெரியும்.

அந்தத் தாள்ல எழுதுனது உனக்குத்தான். அவங்க குடுக்கல. அதனால மறுபடி எழுதுறேன்:

ஏ மனுசா, இதுக்குப் பதில் எழுதாத. வா. உன் மகனுக்குக் காலக் காட்டு.